100 மீட்டருக்கு அப்பால் ஒரு வாயிற்கூட்டம்

சென்னைக்கு அருகே ஆலைகள் நிறைந்த ஒரகடம் பக்கம், தொழிற்சங்கத்துக்காக ஆலை வாயிலில் கூட்டம், அதாவது வாயிற்கூட்டம், போட்டவர்களுக்கு இது தெரியும். கொடி இருக்கும், ஒலிபெருக்கி இருக்கும், பேச்சாளர் தொண்டை வறளப் பேசுவார். கேட்க வேண்டிய தொழிலாளி மட்டும் அங்கே இருக்கமாட்டார். ஷிப்டுக்கு யாரும் நடந்து வருவதில்லை. கம்பெனி பஸ் ஊர் ஊராகப் போய் ஆட்களை ஏற்றிக்கொண்டு நேராக ஆலைக்குள் நுழைந்துவிடுகிறது. இதற்கு மேல் நிர்வாகம் நீதிமன்றத்தில் இடைக்காலத் தடையும் வாங்கிவிட்டால், வாயிலிலிருந்து 100 மீட்டருக்குள் சங்கம் நிற்கவே கூடாது. சில வழக்குகளில் 50 மீட்டர், சிலவற்றில் 200.

எங்களுக்கு அப்படி ஓர் உத்தரவு வந்தபோது, டேப் வைத்து அளந்து சாலையோரத்தில் சுண்ணாம்புக் கோடு போட்டார்கள். கோட்டுக்கு இந்தப் பக்கம் மழைநீர்க் கால்வாயும் ஒரு தள்ளுவண்டி டிபன் கடையும். அங்கே நின்றுதான் பேசினோம். மாலை ஷிப்டு பஸ் எங்களைத் தாண்டிப் போனபோது, பின் இருக்கையிலிருந்த ஒரு பெண் ஜன்னல் கண்ணாடியை நகர்த்தி, துண்டறிக்கைக்காகக் கையை நீட்டினாள். பஸ் வேகம் குறையவில்லை. எங்கள் தோழர் ஒருவர் கூடவே ஓடி, அவள் கையில் தாளைத் திணித்துவிட்டுத் திரும்பினார். ஓடிய ஓட்டத்தில் கோட்டைத் தாண்டியிருந்தார். தடையை மீறிவிட்டோம் என்று அந்த வாரமே வக்கீல் நோட்டீஸ் வந்தது. ஒரு தாளை ஒரு தொழிலாளியிடம் கொடுத்ததற்கு நோட்டீஸ்! அந்தக் கோபம் எனக்கு இன்னும் தணியவில்லை.

ஆலைக்குள்ளேயே பேசிக்கொள்ளலாமே என்று சிலர் கேட்கிறார்கள். அதற்கான கதவை உச்ச நீதிமன்றம் 1969இலேயே சாத்திவிட்டது. ரயில்வே வாரியத்துக்கும் நிரஞ்சன் சிங் என்ற தொழிற்சங்கத் தலைவருக்கும் நடந்த வழக்கு அது. ரயில்வே வளாகத்துக்குள் தடையை மீறிக் கூட்டங்களில் பேசினார் என்பது அவர்மீதான குற்றச்சாட்டுகளில் ஒன்று. அமைதியாகக் கூடும் உரிமை இருப்பதாலேயே இன்னொருவருக்குச் சொந்தமான இடத்தில் கூடும் உரிமை வந்துவிடாது என்றது நீதிமன்றம். சரி, உள்ளே கூடாது என்றால் மிஞ்சுவது சாலைதான்.

சாலையைப் பற்றிய தீர்ப்பு 1972இல் வந்தது. அகமதாபாத்தில் பொதுக்கூட்டம் நடத்தக் காவல்துறை அனுமதி மறுத்தது. அனுமதி கேட்டிருந்த ஹிம்மத்லால் ஷா வழக்குத் தொடுத்தார். ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னதை ஒவ்வொரு சங்க அலுவலகத்திலும் எழுதி ஒட்டிவைக்கலாம்: பொதுச் சாலையில் கூடுவதை அரசு ஒழுங்குபடுத்தலாம், அடியோடு தடுக்க முடியாது, எந்த வரையறையும் இல்லாமல் ஓர் அதிகாரியின் விருப்பத்துக்கு அனுமதியை விட்டுவிடும் விதி செல்லாது.

நடைமுறையில் 'ஒழுங்குபடுத்தல்' என்ற சொல்லுக்குள் எல்லாமே அடங்கிவிடுகிறது. சென்னையில் 1888ஆம் ஆண்டு நகரக் காவல் சட்டத்தின் 41ஆம் பிரிவின்படி 5 நாட்களுக்கு முன்பே மனு கொடுக்க வேண்டும். பெரும்பாலும் வள்ளுவர் கோட்டம், எழும்பூர் ராஜரத்தினம் மைதானம் என்று காவல்துறை காட்டும் இடத்துக்குத்தான் போக வேண்டும். பிரச்சினை நடக்கும் இடம் ஒன்று, முழக்கம் எழும் இடம் வேறொன்று.

2025 ஆகஸ்டில் சென்னை மாநகராட்சித் தலைமையகமான ரிப்பன் மாளிகை முன்பு நடந்ததை மறக்க முடியவில்லை. ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களின் குப்பைப் பணியைத் தனியாருக்குக் கொடுத்ததை எதிர்த்து, தூய்மைப் பணியாளர்கள் 1ஆம் தேதி முதல் நடைபாதையில் அமர்ந்திருந்தார்கள். பெரும்பாலோர் பெண்கள். அனுமதியில்லாத இடத்தில் போராட விடக்கூடாது என்று உயர் நீதிமன்றம் 13ஆம் தேதி உத்தரவிட்டது. அன்று நள்ளிரவே காவல்துறை அவர்களைக் கைது செய்து அப்புறப்படுத்தியது.

நடைபாதை நடப்பவர்களுக்குச் சொந்தம் என்பதை நான் மறுக்கவில்லை. முழங்கால் வலியோடு சாலையில் இறங்கி நடக்கும் ஒரு முதியவரின் சிரமமும் சிரமம்தான். ஆனால் தூய்மைப் பணியாளருக்கு ஆலை ஏது, வாயில் ஏது? தெருதான் அவர்களுடைய வேலைத்தலம். முதலாளி என்று கேள்வி கேட்க அவர்களுக்கு இருக்கும் ஒரே வாசல் ரிப்பன் மாளிகை. ஒரு பகுதி நடைபாதையையும் நேர வரம்பையும் ஒதுக்கித் தந்திருக்கலாம். இரவோடு இரவாகத் தூக்கிப்போவது ஒழுங்குபடுத்தலில் சேராது என்பதே என் கருத்து.

அனுமதி மனு எழுதும் தோழர்களுக்கு ஒன்று சொல்கிறேன். கூட்டம் ஏன் குறிப்பாக அந்த இடத்தில், அந்த நேரத்தில் நடக்க வேண்டும் என்பதை மனுவிலேயே எழுதுங்கள். எத்தனை பேர், எவ்வளவு நேரம், வழி எப்படி விடப்படும் என்பதையும் சேருங்கள். கொடுத்ததற்கு ஒப்புகை வாங்குங்கள். வாய்மொழியாக மறுத்தால் விடாதீர்கள். காரணத்தோடு எழுத்தில் கேளுங்கள். அந்த ஒரு தாள் இல்லாமல் நீதிமன்றத்தில் நம் வழக்கு நிற்பது கடினம். எங்கள் தடையுத்தரவை மாற்றக் கோரி மனு போட்டிருக்கிறோம். ஷிப்டு மாறும் வேளையில், பஸ் திரும்பும் முனையில், அரை மணி நேரம் நின்று துண்டறிக்கை கொடுக்க அனுமதி கேட்டிருக்கிறோம்.