85 சதவீதம் என்ற பூட்டு

ஐ.நா. சாசனத்தின் 23ஆம் பிரிவைத் திறந்து பாருங்கள். பாதுகாப்புச் சபையின் நிரந்தர உறுப்பினர்கள் என்று ஐந்து பெயர்கள் இருக்கும்: சீனக் குடியரசு, பிரான்ஸ், சோவியத் ஒன்றியம், பிரிட்டன், அமெரிக்கா. சீனக் குடியரசு என்பது இன்றைக்குத் தைவானில் இருக்கும் அரசின் பெயர். சோவியத் ஒன்றியம் 1991 டிசம்பரோடு முடிந்துபோனது. ஆனாலும் வாசகம் அப்படியேதான் இருக்கிறது. பட்டா ஒருவர் பேரில், அனுபவம் இன்னொருவர் கையில்.

யாரோ திருத்த மறந்துவிட்டார்கள் என்று நினைக்க வேண்டாம். சீனாவின் இடம் பெய்ஜிங்குக்குப் போனது 1971 அக்டோபர் 25 அன்று, பொதுச்சபையின் 2758ஆம் தீர்மானத்தால். ‘எந்த நாட்டுக்கு இடம்’ என்று கேட்காமல், ‘சீனாவின் பிரதிநிதி யார்’ என்று கேள்வியை அமைத்தார்கள். அதனால் சாசனத்தில் கைவைக்க வேண்டிய தேவை வரவில்லை. சோவியத் இருக்கை இன்னும் சுலபமாகக் கைமாறியது. 1991 டிசம்பர் 24 அன்று ரஷ்ய அதிபர் யெல்ட்சினிடமிருந்து ஒரு கடிதம் வந்தது, யாரும் ஆட்சேபிக்கவில்லை, பெயர்ப்பலகை மாறியது. வாக்கெடுப்புகூட இல்லை.

இப்படிச் சுற்றுவழியில் போனதற்குக் காரணம் 108ஆம் பிரிவு. சாசனத்தைத் திருத்த உறுப்பு நாடுகளில் மூன்றில் இரண்டு பங்கு பொதுச்சபையில் ஆதரித்து வாக்களிக்க வேண்டும். பிறகு மூன்றில் இரண்டு பங்கு நாடுகள் தங்கள் உள்நாட்டு நடைமுறைப்படி ஒப்புதல் தர வேண்டும். அந்த ஒப்புதல் பட்டியலில் ஐந்து நிரந்தர உறுப்பினர்களும் இருந்தாக வேண்டும். 193 நாடுகளில் 129 சேர்ந்தாலும், ஐவரில் ஒருவர் கையெழுத்துப் போடாவிட்டால் கதை முடிந்தது.

உலக ஒழுங்கு மாறுகிறது என்று எழுதுகிறவர்கள் ஜிடிபி வரைபடத்தைக் காட்டுகிறார்கள். தப்பில்லை. ஆனால் வலிமை எப்படி விதியாகிறது, எங்கே ஆக முடியாமல் நிற்கிறது என்று தெரிய வேண்டுமானால் பார்க்க வேண்டியது திருத்தப் பிரிவை. விதிகளை மாற்ற எத்தனை வாக்கு வேண்டும், அதைத் தடுக்க எத்தனை வாக்கு போதும் என்ற இரண்டு எண்களில் பாதி விடை இருக்கிறது.

பாதுகாப்புச் சபை ஒரே ஒருமுறைதான் பெரிதாகியிருக்கிறது. 1963 டிசம்பரில் தீர்மானம், 1965 ஆகஸ்ட் 31 முதல் நடைமுறை. உறுப்பினர்கள் 11இலிருந்து 15 ஆனார்கள். தீர்மானம் நிறைவேற வேண்டிய வாக்கு 7இலிருந்து 9 ஆனது. அந்த 1963 வாக்கெடுப்பில் நிரந்தர ஐவரில் ஆதரித்தது (அப்போது தைபேயிலிருந்து இயங்கிய) சீனா மட்டும்தான். பிரான்சும் சோவியத்தும் எதிர்த்தன, அமெரிக்காவும் பிரிட்டனும் வாக்களிக்காமல் ஒதுங்கின. அப்படியிருந்தும் இரண்டே ஆண்டுகளுக்குள் ஐந்து நாடுகளும் ஒப்புதல் கொடுத்துவிட்டன. காலனி ஆட்சியிலிருந்து விடுபட்ட நாடுகள் கூட்டம் கூட்டமாக உள்ளே வந்துகொண்டிருந்த காலம் அது. அவற்றின் நல்லெண்ணம் பனிப்போரின் இரண்டு தரப்புக்கும் தேவைப்பட்டது. அதோடு, கூடிய நான்கு இடங்களும் நிரந்தரமில்லாதவை. வீட்டோவில், அதாவது ஐவரில் ஒருவர் மறுத்தாலே தீர்மானம் விழுந்துவிடும் அதிகாரத்தில், யாரும் கைவைக்கவில்லை. இந்தக் கடைசி விஷயத்தைத்தான் பிறகு வந்த முயற்சிகள் தாண்ட முடியாமல் நிற்கின்றன. 2005இல் இந்தியா, ஜப்பான், ஜெர்மனி, பிரேசில் நான்கும் சேர்ந்து கொண்டுவந்த வரைவு வாக்கெடுப்புக்கே போகவில்லை. தடுத்தது ஐவர் மட்டுமல்ல. பக்கத்து வீட்டுக்காரனுக்கு நிரந்தர இடம் கிடைப்பதை விரும்பாத பாகிஸ்தான், இத்தாலி, தென்கொரியா, அர்ஜென்டினா போன்ற நாடுகளும் சேர்ந்துதான்.

பாதுகாப்புச் சபையைப் பற்றித்தான் எல்லோரும் பேசுகிறார்கள். பூட்டின் வேலைப்பாட்டைக் கிட்டத்தில் பார்க்க ஐ.எம்.எஃப். என்ற சர்வதேச நாணய நிதியம் நல்ல இடம். அங்கே எல்லாம் எண்ணாக இருக்கிறது.

ஒவ்வொரு நாட்டுக்கும் ஒரு கோட்டா உண்டு, அதாவது நிதியத்துக்கு அது தரும் பங்குத்தொகை; எஸ்.டி.ஆர். என்ற கணக்கு அலகில் எழுதப்படும். ஒவ்வொரு 1 லட்சம் எஸ்.டி.ஆருக்கும் ஒரு வாக்கு. இதுபோக எல்லா நாட்டுக்கும் சமமாகக் கொஞ்சம் அடிப்படை வாக்குகள். மொத்தத்தில் சுமார் 5.5 சதவீதம் இப்படிப் பங்கிடப்படுகிறது. 2016இல் நடைமுறைக்கு வந்த பட்டியலில் அமெரிக்காவின் கோட்டா சுமார் 8,299 கோடி எஸ்.டி.ஆர்., சீனாவுக்கு 3,048 கோடி, இந்தியாவுக்கு 1,311 கோடி. வாக்குப் பங்காகச் சொன்னால் அமெரிக்கா ஏறத்தாழ 16.5 சதவீதம், சீனா 6 சதவீதத்துக்குச் சற்று மேல். கோட்டாவை மாற்ற 85 சதவீத வாக்கு வேண்டும். 100இல் 16.5 போனால் மிச்சம் 83.5. உலகமே ஒரு பக்கம் நின்றாலும் 85 வராது. வீட்டோ என்ற சொல் அந்த விதிகளில் எங்கும் இல்லை; கழித்தல் கணக்கிலேயே அது ஒளிந்திருக்கிறது.

இந்த 85 ஆரம்பத்திலிருந்தே இருந்ததல்ல. முக்கியமான முடிவுகளுக்கு முதலில் வைத்த வரம்பு 80. நிதியம் தொடங்கியபோது அமெரிக்காவிடம் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு வாக்கு இருந்தது. ஐரோப்பாவும் ஜப்பானும் எழுந்ததும், புதிய நாடுகள் சேர்ந்ததும் அந்தப் பங்கைக் கரைத்தன. 20 சதவீதத்துக்கு அருகே இறங்கி, தடுக்கும் சக்தி கைநழுவும் நிலை வந்தபோது, 1969இன் முதல் திருத்தத்தில் சில முடிவுகளுக்கு மட்டும் வந்திருந்த 85ஐ, 1978இல் நடைமுறைக்கு வந்த இரண்டாம் திருத்தத்தில் மற்ற முக்கிய முடிவுகளுக்கும் விரித்துவிட்டார்கள். உலக வங்கியிலும் 1989இல் இதே வேலை நடந்தது. பங்கு குறைந்தது, பூட்டு உயர்ந்தது. சரியும் வல்லரசு எப்படித் தன் இடத்தைக் காக்கிறது என்று கேட்டால் நான் போர்க்கப்பல்களைச் சொல்ல மாட்டேன், இந்த ஐந்து புள்ளியைத்தான் சொல்வேன்.

சரி, கோட்டாவுக்குச் சூத்திரம் இல்லையா? இருக்கிறது. ஜிடிபிக்கு 50 சதவீத எடை (அதில் சந்தை விலைக்கு 60, வாங்கும் திறனுக்கு 40), பொருளாதாரத் திறந்தநிலைக்கு 30, ஏற்ற இறக்கத்துக்கு 15, அந்நியச் செலாவணிக் கையிருப்புக்கு 5. கூட்டி வந்ததை 0.95 என்ற அடுக்குக்கு ஏற்றி, பெரிய நாடுகளைச் சற்று அமுக்கிச் சிறியவற்றுக்குக் கொஞ்சம் இடம் கொடுக்கிறார்கள். சிக்கல் சூத்திரத்தில் இல்லை. அதன் விடை யாரையும் கட்டுப்படுத்தாது என்பதில் இருக்கிறது. சீனாவுக்குச் சூத்திரம் தரும் பங்கு, கையில் இருக்கும் பங்கின் இரு மடங்கை ஒட்டி வருகிறது. சூத்திரம் கணக்கிடும்; கோட்டாவைத் தீர்மானிப்பது பேரம்.

2010 டிசம்பரில் ஒப்புக்கொண்ட சீர்திருத்தத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கோட்டாக்களை மொத்தமாக இரட்டிப்பாக்கி, அதில் சுமார் 6 சதவீதப் புள்ளியை வளரும் நாடுகள் பக்கம் நகர்த்தும் திட்டம். அமெரிக்க அரசே முன்னின்று பேசி முடித்ததுதான். ஆனால் அமெரிக்க நாடாளுமன்றம் ஒப்புதல் தர 2015 டிசம்பர் ஆனது. 2016 ஜனவரி 26 அன்றுதான் நடைமுறைக்கு வந்தது. ஐந்து ஆண்டுகள் உலகம் காத்திருந்தது வாஷிங்டனின் உள்நாட்டு அரசியலுக்காக. அடுத்த பரிசீலனை 2023 டிசம்பரில் முடிந்தபோது எல்லோருக்கும் ஒரே விகிதத்தில் 50 சதவீத உயர்வு என்று முடிவெடுத்தார்கள். எல்லோருக்கும் ஒன்றரை மடங்கு என்றால் பங்கு யாருக்கும் மாறவில்லை என்று பொருள். தொகை கூடும், வரிசை அப்படியே.

உள்ளே இடம் கிடைக்காவிட்டால் பக்கத்தில் புதிதாகக் கட்ட வேண்டியதுதான். 2013இல் சீனா முன்மொழிந்த ஆசிய உள்கட்டமைப்பு முதலீட்டு வங்கி 2016 ஜனவரியில் பெய்ஜிங்கில் திறந்தது, 10,000 கோடி டாலர் மூலதனத்தோடு. வாஷிங்டன் முகம் சுளித்ததையும் மீறி 2015 மார்ச்சில் பிரிட்டன் சேர்ந்தது; ஜெர்மனி, பிரான்ஸ், இத்தாலி பின்னாலேயே வந்தன. இந்த வங்கியின் விதிகளில் மிகப் பெரிய முடிவுகளுக்கு 75 சதவீத வாக்கு வேண்டும். சீனாவிடம் இருப்பது ஏறக்குறைய 26. கழித்துப் பாருங்கள். பழைய பூட்டைக் குறை சொன்னவர்கள் அதே அச்சில் புதுப் பூட்டு வார்த்திருக்கிறார்கள். இதை நான் கபடம் என்று சொல்ல மாட்டேன். பெரிய பணம் போடுகிறவர் எங்கும் இதைத்தான் கேட்பார்.

பிரிக்ஸ் நாடுகள் 2014இல் அமைத்த அவசரக் கையிருப்பு ஏற்பாடு இதைவிட வேடிக்கை. மொத்தம் 10,000 கோடி டாலர்: சீனா 4,100, இந்தியா, ரஷ்யா, பிரேசில் தலா 1,800, தென்னாப்பிரிக்கா 500. ஐ.எம்.எஃபுக்கு மாற்று என்று தலைப்புச் செய்தி வந்தது. ஆனால் ஒப்பந்தப்படி ஒரு நாடு தன் வரம்பில் 30 சதவீதத்தைத்தான் தன்னிச்சையாக எடுக்க முடியும்; மீதி 70 வேண்டுமானால் ஐ.எம்.எஃப். திட்டம் ஒன்று அந்த நாட்டில் நடப்பில் இருக்க வேண்டும். கடன் கொடுப்பவருக்குப் பணம் திரும்பி வரும் என்ற உறுதி வேண்டும். நிபந்தனை போட்டு, கணக்கு பார்த்து, கெட்ட பெயர் வாங்க ஓர் அமைப்பு வேண்டும். அந்த வேலைக்குப் பழைய ஆளையே வைத்துக்கொண்டார்கள்.

எதிர்த்திசையிலும் நடக்கும்: இருக்கை இருக்கும், வலிமை போயிருக்கும். 1956 அதற்குப் பாடம். ஜூலை 26 அன்று எகிப்து அதிபர் நாசர் சூயஸ் கால்வாயை நாட்டுடைமையாக்கினார். அக்டோபர் இறுதியில் இஸ்ரேல் தாக்க, பிரிட்டனும் பிரான்சும் இறங்கின. அக்டோபர் 30 அன்று பாதுகாப்புச் சபையில் பிரிட்டன் தன் வரலாற்றின் முதல் வீட்டோவைப் போட்டது. சாசனப்படி விவகாரம் அங்கேயே முடிந்திருக்க வேண்டும். இரண்டு விஷயங்கள் அதைத் தாண்டின. ஒன்று, விவாதம் பொதுச்சபையின் அவசரக் கூட்டத்துக்கு மாறியது; அங்கே வீட்டோ கிடையாது. இரண்டு, பவுண்டை விற்றுத் தள்ளினார்கள், லண்டனின் டாலர் கையிருப்பு வடிந்தது, ஐ.எம்.எஃபில் கடன் கேட்டால் அமெரிக்க ஆதரவு இல்லை. நவம்பர் 6 அன்று போர் நிறுத்தம். படைகளைத் திரும்பப் பெற ஒப்புக்கொண்ட பிறகு, டிசம்பரில் உடனடிக் கடனும், தேவைப்படும்போது எடுத்துக்கொள்ளும் காத்திருப்புக் கடனுமாகச் சுமார் 130 கோடி டாலருக்கு வழி திறந்தது. களத்தில் அந்தப் படை தோற்கவில்லை. வீட்டோவால் கருவூலத்தை நிரப்ப முடியவில்லை, அவ்வளவுதான்.

நாணயம் இவை எல்லாவற்றையும்விட மெதுவாக நகரும். அமெரிக்கப் பொருளாதாரம் 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலேயே பிரிட்டனைத் தாண்டிவிட்டது. ஆனாலும் அமெரிக்க வியாபாரிகளின் வெளிநாட்டு இறக்குமதிக்கான உண்டியல்கள் (குறித்த நாளில் பணம் தருவதாக எழுதும் வர்த்தகச் சீட்டுகள்) லண்டனில் பவுண்டில்தான் எழுதப்பட்டன. காரணம் வெறும் பழக்கமல்ல: அமெரிக்கத் தேசிய வங்கிகள் அப்படிப்பட்ட வர்த்தக உண்டியல்களுக்குப் பொறுப்பேற்கச் சட்டம் இடம் தரவில்லை. 1913இன் ஃபெடரல் ரிசர்வ் சட்டம்தான் அந்தக் கதவைத் திறந்தது. அடுத்த ஆண்டே போர் வந்து லண்டனை முடக்கியது. உற்பத்தி வலிமை மட்டும் போதாது, அந்த நாணயத்தில் கடன் எழுதி, தவணைக்கு முன்பே கழிவு போட்டுப் பணமாக்கி, எப்போது வேண்டுமானாலும் விற்று வெளியேற ஒரு சந்தை வேண்டும். யுவான் இங்கேதான் தடுக்கி நிற்கிறது. 2016 அக்டோபரில் எஸ்.டி.ஆரின் மதிப்பைக் கணக்கிடும் நாணயக் கூடையில் சேர்ந்தும், உலகக் கையிருப்பில் அதன் பங்கு 2 சதவீதத்தை ஒட்டியே இருக்கிறது. மூலதனம் உள்ளே வரவும் வெளியே போகவும் பெய்ஜிங்கின் அனுமதி வேண்டியிருக்கிறது. 2022இல் ரஷ்ய மத்திய வங்கியின் சுமார் 30,000 கோடி டாலர் சொத்தை மேற்கு நாடுகள் முடக்கிய பிறகு, மத்திய வங்கிகள் 2024 வரை ஆண்டுக்கு 1,000 டன்னுக்கு மேல் தங்கம் வாங்கின. டாலர்மேல் சந்தேகம் வந்ததும் இன்னொரு நாட்டின் நாணயத்தை நோக்கி ஓடாமல், யாருடைய நாணயமும் அல்லாத ஒன்றை நோக்கி ஓடினார்கள்.

விதியைத் திருத்தாமல், எதிர் அமைப்பும் கட்டாமல், ஒழுங்கை நிறுத்தும் வழி ஒன்று மிச்சம் இருக்கிறது. இதை எழுகிற நாடு செய்யவில்லை, விதிகளை எழுதிய நாடே செய்தது. உலக வர்த்தக அமைப்பின் மேல்முறையீட்டுக் குழுவில் ஏழு பேர் இருக்க வேண்டும். ஒரு வழக்கை விசாரிக்க மூவர் தேவை. நியமனம் ஒருமித்த கருத்தால் நடக்கும், அதாவது ஒரு நாடு மறுத்தாலே நின்றுவிடும். பதவிக்காலம் முடிய முடிய அமெரிக்கா புதிய நியமனங்களை மறுத்துக்கொண்டே வந்தது. 2019 டிசம்பரில் மிஞ்சியவர் ஒருவர். அன்றிலிருந்து, முதல் கட்டத்தில் தோற்ற நாடு மேல்முறையீடு செய்துவிட்டால் தீர்ப்பு செல்லுபடியாகாது, ஏனெனில் மேல்முறையீடு முடியும்வரை அதை ஏற்கக் கூடாது என்பது விதி. விசாரிக்கவோ ஆள் இல்லை. 2020 நவம்பர் 30 அன்று அந்தக் கடைசி உறுப்பினரின் காலமும் முடிந்தது. குழு கலைக்கப்படவில்லை. அந்த அமைப்பின் தகராறுத் தீர்வு உடன்பாட்டின் 17ஆம் பிரிவு இன்றும் அதில் ஏழு பேர் இருப்பதாகவே சொல்கிறது.