கார்டிஃபில் இரண்டு வரிகள்

கார்டிஃப் விரிகுடா ரயில் நிலையத்தில் நான் இறங்கியபோது மழை தூறிக்கொண்டிருந்தது. தென் வேல்ஸின் பள்ளத்தாக்குகளில் வெட்டிய நிலக்கரி ஒரு காலத்தில் கப்பலேறிய துறைமுகப் பகுதி இது. நான் வந்ததோ ஒரு கட்டடத்தின் முகப்பை வாசிப்பதற்காக. 2004 நவம்பரில் திறக்கப்பட்ட வேல்ஸ் மில்லேனியம் சென்டர் என்னும் கலையரங்கின் வெண்கல நிற முகப்பில், கவிஞர் குவினெத் லூயிஸ் எழுதிய இரண்டு வரிகள் மிகப் பெரிய எழுத்துகளாகப் பொறிக்கப்பட்டிருக்கின்றன. அவ்வெழுத்துகளே கட்டடத்தின் சன்னல்கள்.

இடப்புறம் வேல்ஸின் சொந்த மொழியான வெல்ஷ், வலப்புறம் ஆங்கிலம். ஒன்று மற்றதன் மொழிபெயர்ப்பாக இருக்கும் என்றே முதலில் எண்ணினேன், அப்படியல்ல. ஆங்கில வரி, "இந்தக் கற்களில் தொடுவானங்கள் பாடுகின்றன" என்கிறது. வெல்ஷ் வரியோ, அகத்தூண்டலின் உலையிலிருந்து கண்ணாடியைப் போல உண்மையைப் படைத்தலைப் பேசுகிறது. உண்மைக்கு அம்மொழியில் 'குவீர்', கண்ணாடிக்கு 'குவிதிர்'. இரண்டும் ஒலியால் ஒன்றையொன்று அழைக்கின்றன. கவிதை ஊறும் ஆற்றலை அவர்கள் 'அவென்' என்கிறார்கள். ஆங்கிலத்துக்குக் கொண்டுபோனால் உதிர்ந்துவிடும் அந்த ஒலியுறவை உதிர விடாமல், ஆங்கிலத்துக்கென வேறொரு வரியையே அவர் எழுதியது எனக்குப் பெரும் நேர்மையாகப் படுகிறது.

லூயிஸ் இந்நகரிலேயே 1959-இல், வெல்ஷ் பேசும் குடும்பத்தில் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் ஆங்கில இலக்கியம் படித்தார். பின்னர் ஆக்ஸ்ஃபோர்டில், பழஞ்சுவடிகள் என்று சொல்லித் தம் சொந்தப் படைப்புகளையே உலவவிட்ட அயோலோ மோர்கானுக் என்ற 18-ஆம் நூற்றாண்டுக் கவிஞரின் இலக்கியப் போலிகளை ஆராய்ந்து முனைவர் பட்டம் பெற்றார். தொலைக்காட்சித் தயாரிப்பாளராகவும் பணியாற்றினார். 2005-இல் வேல்ஸின் முதல் தேசியக் கவிஞரானார்.

இரு மொழிகளிலும் எழுதுவது அவருக்கு எளிதான வாழ்வாக இருந்ததென்று நான் நினைக்கவில்லை. 1999-இல் வெளிவந்த அவருடைய வெல்ஷ் நூலின் தலைப்புக்கு 'மொழிக்கொலையாளி' என்று பொருள். தாய்மொழி கொல்லப்பட்டுக் கிடக்க, கொன்றவர் யார் என்று துப்பறியும் கதையாகவே அக்கவிதைகள் விரிகின்றன. அதே கருவை ஆங்கிலத்தில் எடுத்தபோதும் அவர் நேராகப் பெயர்க்காமல் பெரும்பகுதியைப் புதிதாகவே எழுதி, 2003-இல் வெளியிட்டார். முகப்பின் இரண்டு வரிகளுக்கு இடையே நான் கண்ட அதே விலகல்தான் அது. மனச்சோர்வோடு தாம் போராடியதை உரைநடையிலும் எழுதினார். அவருடைய நெடுங்கவிதை ஒன்றில், ஹபிள் தொலைநோக்கியைப் பழுதுபார்க்க 1997-இல் விண்ணுக்குச் சென்ற உறவினரின் பயணமும், அதே ஆண்டில் நேர்ந்த உறவுப்பெண் ஒருவரின் இறப்பும் ஒன்றாகப் பின்னியிருக்கின்றன. ஆங்கிலத்தில் புகழ்பெற்றபின் அவர் வெல்ஷை விட்டுவிடவுமில்லை: 2012-இல், வெல்ஷ் மொழியிலேயே நடைபெறும் தேசிய ஐஸ்டெத்வோட் விழாவில் கவிதைக்கான கிரீடத்தை வென்றார்.

மாலை நிகழ்ச்சிக்கு நுழைவுச்சீட்டு வாங்கியிருந்ததால், இடைவேளையில் மேல்தளத்துக்கு ஏறினேன். உள்ளிருந்து பார்க்கும்போது எழுத்துகள் இடவலமாகத் திரும்பியிருந்தன. எழுத்தெழுத்தாகக் கூட்டித்தான் வாசிக்க முடிந்தது. ஓர் எழுத்தின் கண்ணாடியில் முகத்தை ஒட்டிவைத்துக்கொண்டு, நனைந்த சதுக்கத்தையும் அதற்கப்பால் இருண்டுவந்த விரிகுடாவையும் இடைவேளை முடியும் மணி ஒலிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.