எந்த வருடப் பட்டியலில் என் பெயர் வரும்?

பட்டமும் பி.எட்.டும் முடித்த இடைநிலை ஆசிரியர்கள் எல்லோரும் கேட்பதுதான்: பட்டதாரி ஆசிரியர் பதவி உயர்வுக்கு எந்த வருடப் பட்டியலில் வருவேன்? ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளியில் 2009-ல் வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவுமூப்பில் சேர்ந்த நானும் பலரிடம் கேட்டேன். ஆளுக்கொரு வருடம் சொன்னார்கள். வாட்ஸ்அப் குழுக்களைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

கடைசியில் பணிப்பதிவேட்டை முன்னால் வைத்துக்கொண்டு, தகுதிக்கு வேண்டியவை ஒவ்வொன்றும் என்றைக்கு முடிந்தன என்று எழுதிப் பார்த்தேன். எது கடைசியாக முடிந்ததோ அதுதான் நம் தேதி. அதற்கு அடுத்து வரும் ஜனவரி 1 நிலவரப்படி போடும் பட்டியலில்தான் பெயர் வரும்.

முதலில் தகுதிகாண் பருவம். தொடர்ச்சியான 3 ஆண்டுகளுக்குள் 2 ஆண்டுகள் பணியில் இருந்திருக்க வேண்டும். 2010-ல் எடுத்த மகப்பேறு விடுப்பு (அப்போது 90 நாள்தான்) கணக்கில் சேராததால் எனக்குத் தேதி தள்ளிப்போயிருந்தது. அந்த விடுப்பையும் சேர்த்துக்கொள்ளும் அறிவிப்பு 2025-ல்தான் வந்தது. சரி, என் விஷயத்தில் நஷ்டமில்லை. பட்டம் வாங்கியதே தகுதிகாண் பருவம் முடிந்த அப்புறம்தான்.

இழுத்தடித்தது பி.எட். கடைசித் தேர்வு எழுதியது டிசம்பரில். மதிப்பெண் பட்டியலிலும் அந்த மாதம்தான் இருக்கிறது. ஆனால் தற்காலிகச் சான்றிதழில் ஏப்ரல் மாதத் தேதி. டிசம்பரைக் காட்டி நான் வாதாடியபோது பிரிவு எழுத்தர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், "ஜனவரி ஒண்ணாம் தேதி உங்க கையில என்ன இருந்துச்சு டீச்சர்?" என்றார். பதில் இல்லை. ஒரு வருடம் போனது. படிக்கத் துறையின் முன்அனுமதி வாங்கிய கடிதத்தையும் அன்றே கேட்டார்கள். நல்லவேளை, பதிவேட்டிலேயே ஒட்டியிருந்தது.

அதற்குப் பிறகு டெட், அதாவது ஆசிரியர் தகுதித் தேர்வு. சட்டப்படி நியமனத்துக்குத்தானே அது, ஏற்கெனவே வேலையில் இருப்பவர்களுக்கு எதற்கு என்று பல வருடம் பேசிக்கொண்டிருந்தோம். 2025 செப்டம்பர் 1-ல் உச்ச நீதிமன்றம் பதவி உயர்வுக்கும் டெட் கட்டாயம் என்று சொல்லிவிட்டது. ஓய்வுபெற 5 ஆண்டுகளுக்குக் குறைவாக இருப்பவர்கள் டெட் இல்லாமலே பணியில் தொடரலாம், ஆனால் பதவி உயர்வு கேட்க முடியாது. இருபது, இருபத்தைந்து வருடம் பாடம் நடத்தியவர்களுக்கு இது கொடுமைதான் என்பது என் எண்ணம். பட்டதாரி ஆசிரியருக்கான இரண்டாம் தாளில் நான் முன்பே தேறியிருந்தேன். ஆகவே பி.எட். தேதி போய், டெட் சான்றிதழின் தேதியே என் கடைசித் தேதி ஆனது.

ஒன்றைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். தகுதி வேறு, முன்னுரிமை (பணிமூப்பு வரிசை) வேறு. தகுதி இருந்தால் பட்டியலுக்குள் வரலாம். உள்ளே எத்தனையாவது இடம் என்பதை முன்னுரிமைதான் சொல்லும். முன்பு ஊராட்சி ஒன்றிய அளவில் இருந்த முன்னுரிமையை, 2023 டிசம்பரில் வந்த அரசாணை 243 மாநில அளவுக்கு மாற்றியது. ஒன்றியத்தில் முன்வரிசையில் இருந்த பலர் எங்கோ பின்னால் போனார்கள். நானும்தான்.

17(பி) விதிப்படியான ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டு நிலுவையில் இருந்தாலும் பெயரை நிறுத்திவைப்பார்கள். எனக்கு அது இல்லாததால் அதிகம் விசாரிக்கவில்லை.

தற்காலிகப் பட்டியல் வந்தால் பெயர் இருக்கிறதா என்று மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடாதீர்கள். எனக்கு பி.எட். கட்டம் காலியாக இருந்தது. சான்றிதழ் நகலும் பணிப்பதிவேட்டுப் பக்கத்தின் நகலும் இணைத்து, வட்டாரக் கல்வி அலுவலர் வழியாக எழுத்துப்பூர்வமாக ஆட்சேபணை கொடுத்தேன். ஒப்புகை வாங்காமல் திரும்பவில்லை. இறுதிப் பட்டியலில் திருத்தியிருந்தார்கள். கலந்தாய்வுதான் இன்னும் வரவில்லை.