விடுதலைத் தீர்ப்பை மேல்முறையீட்டில் எப்போது மாற்றலாம்?

சாட்சியங்களை மறுபடி படித்தால் 'இவர்தான் செய்திருப்பார்' என்று தோன்றுகிறதா? அது மட்டும் போதாது. விடுதலைக்கு எதிரான மேல்முறையீடுகள் பெரும்பாலும் சறுக்கும் இடம் இதுதான்.

உயர் நீதிமன்றத்தின் அதிகாரத்தில் குறை ஒன்றும் இல்லை. சாட்சியம் முழுவதையும் புதிதாக எடைபோடலாம் என்று 1934-லேயே ஷியோ ஸ்வரூப் வழக்கில் பிரிவி கவுன்சில் (பிரிட்டிஷ் ஆட்சிக்கால உச்ச மேல்முறையீட்டு மன்றம்) சொல்லிவிட்டது. 2007-இல் சந்திரப்பா வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டு, கடிவாளத்தையும் தெளிவாகச் சொன்னது: விடுதலையானவருக்கு நிரபராதி என்ற அனுமானம் இன்னும் வலுக்கிறது. ஒரே சாட்சியத்தில் இரண்டு நியாயமான முடிவுகள் சாத்தியம் என்றால், விசாரணை நீதிமன்றத்தின் முடிவில் கைவைக்கக் கூடாது.

கைவைக்க வேண்டியது வேறு இடங்களில்: முக்கிய சாட்சியத்தைக் கண்டுகொள்ளாமல் விட்டது, சில்லறை முரண்பாட்டுக்காக நேரடி சாட்சியைத் தூக்கி எறிந்தது, சட்டத்தையே தவறாகப் பொருத்தியது. ஆகவே மனுவில் 'தீர்ப்பு தவறு' என்று பொத்தாம்பொதுவாக எழுதிப் பயனில்லை. எந்தச் சாட்சி, குறுக்கு விசாரணையில் எந்தப் பகுதி, நீதிபதி சொன்ன காரணம் எது, அது ஏன் நிற்காது என்று ஒவ்வொன்றாகக் காட்ட வேண்டும். (எரிச்சலூட்டும் வேலைதான்.)

உயர் நீதிமன்றத்துக்கு அரசு போனால், பி.என்.எஸ்.எஸ். (இப்போதைய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 419-இன்படி அந்த நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். பாதிக்கப்பட்டவர் 413-இன் கீழ் போனால் தேவையில்லை. மேல்முறையீடாக இல்லாமல் சீராய்வு (revision) மனுவாகப் போனால், அதில் விடுதலையைத் தண்டனையாக மாற்றவே முடியாது, மறுபடி விசாரிக்கச் சொல்லிக் கீழே அனுப்பலாம், அவ்வளவுதான்.

விடுதலையை ரத்துசெய்து உயர் நீதிமன்றம் 10 ஆண்டோ அதற்கு மேலோ சிறை விதித்தால், உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்வது தண்டிக்கப்பட்டவரின் உரிமை (பிரிவு 420).