மார்க்கி லஃபாயெத்தின் ஊரைத் தேடிப் போகிறவர்கள் முதலில் வங்கி அட்டையைப் பாருங்கள்

பாரிஸில் லா ஷாப்பல் கடைத்தெருவில் புழங்குகிறவர்களுக்கு லஃபாயெத் தெரு நன்றாகவே தெரியும். அமெரிக்க விடுதலைப் போரில் போரிட்ட பிரெஞ்சுத் தளபதி லஃபாயெத்தின் பெயர்தான் அது; மார்க்கி என்பது அவருடைய பிரபுப் பட்டம். அந்த மார்க்கியின் ஊர் எது என்று யாரைக் கேட்டாலும் சவானியாக்கைத்தான் காட்டுவார்கள். 1757இல் அவர் பிறந்த கோட்டை அங்கேதான் இருக்கிறது. 1884இல் அந்த ஊர்க்காரர்கள் தங்கள் ஊர்ப்பெயரோடு லஃபாயெத்தையும் சேர்த்துக்கொண்டார்கள். ஆனால் பட்டத்துக்குப் பெயர் கொடுத்த ஊர் வேறு. வடக்கே, புய்-தெ-தோம் மாவட்டத்து மலையில் இருக்கும் எக்ஸ்-லா-ஃபாயெத். ஜான் ஆஃப் ஆர்க்கோடு 1429இல் ஓர்லெயானில் போரிட்ட அதே குடும்பத்துத் தளபதி காலத்திலேயே அவர்களுக்கு லா ஃபாயெத் என்ற பெயர் இருந்தது.

பெர்சி நிலையத்திலிருந்து கிளெர்மோன்-ஃபெரான் வரை ரயில், தொல்லையில்லை. அதற்கு மேல் கார் இல்லாமல் நடக்காது. இணையத்தில் பதிவு செய்து பணமும் கட்டியிருந்தேன். வாடகைக் கவுண்டரில் இருந்த பெண் என் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, மூலையில் பொடி எழுத்தில் இருந்த 'தெபி' (டெபிட்) என்ற சொல்லை நகத்தால் தட்டிக் காட்டினார். பிணைத்தொகை பிடித்து வைக்க இது செல்லாதாம். கணக்கில் பணம் இருக்கிறது என்றேன். ரொக்கமாகவே தருகிறேன் என்றேன். கம்ப்யூட்டர் ஏற்காது என்றார். நிபந்தனைகளில் போட்டிருக்கிறதாம், எந்தப் பக்கத்தில் என்று கேட்டதற்கு உதட்டைப் பிதுக்கினார். சனிக்கிழமை என்பதால் நண்பகலில் ஷட்டரை இறக்கிவிட்டார்கள், அப்புறம் திங்கள்தான். மிச்சம் ரயில் செலவு.

தீர்வு சுலபம்தான், யாரும் சொல்வதில்லை. மாதக் கடைசியில் மொத்தமாகக் கழிக்கும் அட்டை வேண்டும் என்று வங்கியில் கேளுங்கள். அதில் 'கிரெடி' (கிரெடிட்) என்று அச்சிட்டிருக்கும். அடுத்த முறை அதை நீட்டியதும் ஒரு கேள்வியும் இல்லாமல் சாவி கைக்கு வந்தது.

வழியில் வரும் இசுவார் ஊரிலேயே பெட்ரோல் போட்டுக்கொள்ளுங்கள், சாப்பாடும் கட்டிக்கொள்ளுங்கள். ஜிபிஎஸ்ஸில் வெறுமனே லஃபாயெத் என்று அடிக்காதீர்கள். அஞ்சல் எண் 63இல் தொடங்க வேண்டும். 43 என்றால் மறுபடியும் சவானியாக்தான். மலை ஏறியபின் போன் சிக்னல் வந்து வந்து போகும், வரைபடத்தை முன்பே இறக்கி வையுங்கள்.

நூறு பேர்கூட வசிக்காத ஊர். பெயர்ப்பலகையைப் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது டிராக்டரில் வந்த பெரியவர் வண்டியை நிறுத்தி, "கோட்டை இங்கே இல்லை ஐயா, சவானியாக்கில்" என்று வழிகாட்டத் தொடங்கினார். இந்த ஊருக்குத்தான் வந்தேன் என்றதும் இன்ஜினை அணைத்துவிட்டார்! 1790இல் பட்டங்களை ஒழித்தபோது மார்க்கியே அதை ஆதரித்தவர் என்று பெருமையாகச் சொன்னார். எனக்கும் தெரிந்த செய்திதான், ஆனாலும் அந்த ஊர்க்காரர் வாயால் கேட்பது தனி ருசி.

சவானியாக் கோட்டையையும் பார்ப்பதென்றால் குளிர்காலம் வேண்டாம், மூடிக் கிடக்கும். முதல் முறை கட்டிய வாடகையைத் திருப்பித் தர மாட்டார்களாம். நான் மெயில் போடுவதை நிறுத்தவில்லை.