குளிரங்கியைக் கழற்றிவிட்டு வாருங்கள்

வானொலி நாடகத்தின் நெறியாளருக்குக் கையில் கிடைப்பவை மிகச் சில: குரல், ஓசை, இசை, மௌனம். இவற்றோடு, ஒலிவாங்கிக்கும் நடிகருக்கும் இடையிலுள்ள தூரத்தையும் ஒரு கருவியாகவே நான் கருதி வந்திருக்கிறேன். இரகசியம் பேசுபவர் ஒலிவாங்கிக்கு ஒரு சாண் அருகில் நிற்க வேண்டும். படலையடியில் நின்று கூப்பிடுபவர் நாலைந்து அடி பின்னால் போய், முகத்தைச் சற்றுத் திருப்பிக்கொண்டு குரலை உயர்த்த வேண்டும். அவர் வசனத்தைப் பேசிக்கொண்டே மெல்ல முன்னால் நடந்து வந்தால், கேட்பவரின் மனதில் முற்றமும் திண்ணையும் தாமாகவே எழுந்துவிடும். கொழும்பில் மூத்த தயாரிப்பாளர்களுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து நான் கற்ற முதற்பாடம் இதுதான்.

1925இல் கொழும்பில் தொடங்கிய ஒலிபரப்பு, 1949இல் ரேடியோ சிலோனாகி, 1967இல் கூட்டுத்தாபனமாகி, 1972இல் இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் என்ற பெயரைப் பெற்றது. பெயர்கள் மாறினாலும், 'சானா' என்று நேயர்கள் அறிந்திருந்த நாடகத் தயாரிப்பாளர் சண்முகநாதன் காலத்தில் வேரூன்றிய ஒரு வழக்கம் மாறவில்லை. அதாவது, யாழ்ப்பாணத்து மனிதர் வானொலியில் பேசினால் யாழ்ப்பாணத்து மனிதராகவே பேசுவார். மேடைத் தமிழைக் கடன் வாங்கமாட்டார். அந்த மரபுக்குப் பின்னால் எழுத்தாளர்களும் நடிகர்களும் மட்டும் நிற்கவில்லை. நேயர்கள் பெயர்கூட அறியாத ஓசை அமைப்பாளர்களும் ஒலிப்பதிவாளர்களும் நின்றார்கள். சரளைக்கல் நிரப்பிய ஒரு தட்டில் தம் செருப்புக் காலை வைத்து, கோபத்தோடு போகிறவரின் நடையையும் கடன் கேட்கப் போகிறவரின் நடையையும் வேறுவேறாகக் கேட்கவைக்கும் ஒருவருடன் நான் பல காலம் பணியாற்றியிருக்கிறேன். அவரிடம் நான் "நட" என்று சொல்ல வேண்டியதில்லை. பாத்திரம் என்ன மனநிலையில் இருக்கிறது என்று சொன்னால் போதும்.

அக்காலத்தில் ஒலிப்பதிவு கால் அங்குல அகல நாடாவில், வினாடிக்கு ஏழரை அங்குல வேகத்தில் நடந்தது. ஒரு நடிகர் இருமிவிட்டால் அந்த இருமலை நாடாவில் தேடிப் பிடித்து, மெழுகுப் பென்சிலால் இரு பக்கமும் குறியிட்டு, சவர அலகால் சாய்வாக வெட்டி எடுப்போம். மூன்று நான்கு அங்குலத் துண்டாக இருமல் கையில் வரும். அதை உடனே எறிந்துவிடக் கூடாது. கழுத்தில் தொங்கப் போட்டுக்கொள்ள வேண்டும். வசனத்தின் கடைசி எழுத்தும் அதோடு போயிருந்தால் திரும்ப ஒட்டுவதற்கு அது தேவைப்படும்.

1982 பெப்ரவரி 15ஆம் திகதி, ஜப்பானிய அரசின் உதவியுடன் நிறுவப்பட்ட அரச தொலைக்காட்சியான ரூபவாஹினி ஒளிபரப்பைத் தொடங்கியது. நாட்டின் மிக உயர்ந்த மலையான பிதுருதலாகலவின் உச்சியிலிருந்து அலைகள் புறப்பட்டன. வானொலியில் பழகியவர்கள் பலர் தொலைக்காட்சிக்கு எழுதவும் நடிக்கவும் நெறிப்படுத்தவும் போனோம். அங்கே முதலில் மறக்க வேண்டியிருந்தது வசனத்தைத்தான். வானொலியில் "கையில் என்ன, கடிதமா?" என்று ஒருவர் கேட்டே ஆக வேண்டும், தொலைக்காட்சியில் அதே கேள்வி அபத்தமாகிவிடும். நெறியாளரின் இருப்பிடமும் மாறிவிட்டது. கட்டுப்பாட்டு அறையில் மூன்று கமராக்களின் படங்களையும் பார்த்தபடி, எந்தப் படம் எப்போது வர வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருப்பேன். நடிகருக்கு ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் தள முகாமையாளரின் காதுக்குச் சொல்லி, அவர் சைகையாக்கி அனுப்ப வேண்டும். தொலைக்காட்சியின் புகழ் பெரிது என்பதை மறுக்கவில்லை. ஆனால் நெறியாள்கையின் சுகம் வானொலியில்தான் அதிகம் என்பது அன்றும் இன்றும் என் எண்ணம்.

1983 ஜூலைக்குப் பின் நாட்டில் நடந்தவை எல்லோரும் அறிந்தவை. எண்பதுகளின் பிற்பகுதியில் நான் ரொறன்ரோவுக்கு வந்தபோது, பெட்டியில் உடுப்புகளுக்கு நடுவே நான் நெறிப்படுத்திய நிகழ்ச்சிகளின் ஒளிநாடாக்களைச் சுற்றி எடுத்து வந்தேன். அவற்றைக் காட்டினால் வேலை கிடைக்கும் என்பது நம்பிக்கை. அக்காலத்தில் இலங்கையில் படம் 'பால்' (PAL) என்ற முறையில் 625 கோடுகளாகப் பதிவாகியது, வட அமெரிக்காவில் 'என்.டி.எஸ்.சி.' (NTSC) என்ற முறையில் 525 கோடுகளாக ஓடியது என்பது படித்த விடயம்தான். ஆனால் நேர்முகத்துக்குப் போன இடத்தில், அவர்களுடைய கருவியில் என் நாடகம் கலங்கிய கறுப்புக் கோடுகளாக உருண்டபோது அந்த வேறுபாட்டின் முழுப் பொருளும் விளங்கியது. இரு முறைகளையும் ஓட்டக்கூடிய கருவி இருக்கிறதா என்று கேட்டேன். அவர்கள் வேறொன்றைக் கேட்டார்கள்: "கனடிய அனுபவம் இருக்கிறதா?" அந்தக் கேள்வி பொதுவாகப் பாகுபாடாகவே கொள்ளப்படும் என்று ஒன்ராறியோ மனித உரிமைகள் ஆணைக்குழு தன் கொள்கையில் அறிவித்தது 2013இல். அதற்குள் என் தலைமுறையினர் தொழிற்சாலைகளிலும் உணவகங்களிலும் போதியளவு கனடிய அனுபவத்தைச் சேர்த்துவிட்டோம்.

பிறகு தமிழ் வானொலிகள் வந்தன. தொடக்கத்தில் அவற்றுள் சில, பண்பலை நிலையங்களின் துணை அலைகளில் ஒலித்தன. சாதாரண வானொலிப் பெட்டியில் அவற்றைக் கேட்க முடியாது. அதற்கென்று விற்ற தனிப் பெட்டியை வாங்கி, சுவாமிப் படத்துக்குப் பக்கத்தில் வைத்து நாள் முழுக்க ஓடவிட்ட வீடுகள் பல. கொழும்பில் நேரம் எங்களுக்கு வழங்கப்பட்டது. இங்கே நேரம் விலைக்கு வாங்கப்பட்டது. ஒரு நாடகம் நீள்வதும் குறுகுவதும் அந்த வாரம் கிடைத்த விளம்பரங்களைப் பொறுத்தது. நகைக்கடை விளம்பரத்துக்கு முன்னால் ஒரு சாவுக் காட்சியை முடிப்பதற்குத் தனித் திறமை வேண்டும். ஆனாலும் ஒன்றைச் சொல்ல வேண்டும்: எந்த அரச நிலையத்திலும் எழுத முடியாத பிரதிகளை நாங்கள் இங்கேதான் எழுதினோம்.

ஒலிப்பதிவு பெரும்பாலும் யாராவது ஒருவருடைய வீட்டு நிலக்கீழ் அறையில் நடக்கும். நடிகர்கள் வேலை முடிந்து, சிலர் சாப்பிடாமலே, பனியில் பேருந்து மாறி வந்து சேர்வார்கள். பதிவு தொடங்குமுன் வெப்பமூட்டியை நிறுத்த வேண்டும். இல்லாவிட்டால் அதன் இரைச்சல் வசனத்துக்கு அடியில் ஆறு போல ஓடிக்கொண்டிருக்கும். நிறுத்தினால் சிறிது நேரத்தில் அறை குளிர்ந்துவிடும். குளிரங்கியை மாட்டிக்கொண்டு நடிக்கலாமென்றால் கை அசையும் போதெல்லாம் நைலோன் சரசரக்கும். "அண்ணை, ஜக்கெற்றைக் கழற்றிப்போட்டு வாங்கோ" என்று சொல்லிச் சொல்லியே என் நெறியாள்கையில் ஒரு பங்கு போயிற்று.

அந்த அறையில் எல்லாம் இருந்தன, சரளைத் தட்டின் மேல் நடக்கத் தெரிந்தவர் மட்டும் இல்லை. வேலையை இழந்தது வருத்தந்தான். அதைவிட, சொல்லாமலே விளங்கிக்கொள்ளும் அந்தக் குழுவை இழந்ததுதான் எனக்குப் பெரிய இழப்பு. வேறு வழியின்றி ஓசைகளை நானே செய்யத் தொடங்கினேன். நாடகங்களும் மெல்ல மெல்லக் கிராமத்து முற்றத்தை விட்டு இந்த ஊருக்கு வந்தபோது, சரளை பயன்படவில்லை. பனியில் நடக்கும் ஓசை தேவைப்பட்டது. சோளமாவை ஒரு சிறு துணிப்பையில் இறுக்கிக் கட்டி, ஒலிவாங்கிக்கு அருகில் விரல்களால் அமுக்கினால், பனி மிதிபடும் அதே நெரிசல் ஓசை கேட்கும். அமுக்கும் வேகத்தை மாற்றினால், முதிய மனிதர் வழுக்குமோ என்று அஞ்சி நடப்பதையும் காட்டலாம்.

இங்கேயே வளர்ந்த பிள்ளைகள் நடிக்க வந்தபோது, பலருக்குத் தமிழ் பேச வரும், வாசிக்க வராது. பிரதியை ஆங்கில எழுத்தில் எழுதிக் கொடுத்தோம். ளகரமும் ழகரமும் அடிபட்டன. அதைப் பெரியவர்கள் சிலர் பொறுக்கவில்லை. ரொறன்ரோவின் ஸ்காபரோவில் வளரும் ஒரு பெண் ஸ்காபரோவில் வளரும் பெண்ணைப் போலப் பேசுவதுதான் கொழும்பில் நாம் காத்த மரபுக்குப் பொருத்தம் என்று நான் வாதிட்டேன். அந்தப் பிள்ளைகளில் ஒருத்தி இப்போது தானே பத்து நிமிட நாடகங்களை எழுதி, நெறிப்படுத்தி, இணையத்தில் வெளியிடுகிறாள். தமிழும் ஆங்கிலமும் கலந்த அந்த வசனங்களில் பாதியை நான் வேறு விதமாக எழுதியிருப்பேன். அவள் கேட்டால் சொல்வேன், பெரும்பாலும் கேட்பதில்லை. ஓசைகளுக்கு மட்டும் என்னைக் கூப்பிடுகிறாள். "மாமா, இவள் அழுதுகொண்டு போகேல்லை, கோபத்தில போறாள்" என்று சொல்லிவிட்டுக் கணினிக்கு முன்னால் உட்கார்ந்துவிடுவாள். நான் சோளமாப் பையை எடுத்துக்கொள்வேன்.