ஒஹாயோவில் எம்.எஸ்.டபிள்யூ. களப்பயிற்சி: பதிவுக்காகக் காத்திருந்த ஐந்து வாரங்கள்

போன வியாழக்கிழமை என் எம்.எஸ்.டபிள்யூ. (சமூகப்பணி முதுநிலைப் பட்டம்) படிப்பின் இறுதிக் கள மதிப்பீடு வந்தது. தேர்ச்சி. அன்று இரவு நன்றாகத் தூங்கினேன். அடுத்த நாள் காலையிலேயே இதை எழுத உட்கார்ந்துவிட்டேன், ஏனென்றால் ஆகஸ்டில் இங்கே வரப்போகிற நம் பிள்ளைகள் இப்போதுதான் விசா முத்திரை வாங்கிக்கொண்டிருப்பார்கள். நான் சறுக்கிய இடம் அவர்களுக்கு முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும்.

எல்லாவற்றுக்கும் முன்னால் அந்த ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். உங்கள் பெயர். ஒஹாயோவில் சமூகப்பணிப் பயிலுநராகப் பதிவு செய்யும்போது எழுதும் பெயரும், களப் பாடத்தில் சேர்ந்திருப்பதற்கான சான்றில் இருக்கும் பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும். பாடத்திட்டம், கோட்பாடு, நேர்காணல் எதிலும் நான் தடுமாறவில்லை. பெயரில்தான் ஐந்து வாரங்களை இழந்தேன்.

ஊரில் நான் மு. தேன்மொழி. பள்ளிச் சான்றிதழ், கல்லூரிச் சான்றிதழ் எல்லாவற்றிலும் அப்படித்தான். பாஸ்போர்ட் எடுத்தபோது இனிஷியலை விரித்து ‘தேன்மொழி முத்துவேல்’ என்று முழுவதையும் பெயர்க் கட்டத்தில் எழுதி, குடும்பப்பெயர்க் கட்டத்தை வெறுமையாக விட்டுவிட்டார்கள். நமக்குக் குடும்பப்பெயர் கிடையாது, வேறு எதை எழுதுவது? ஆனால் அமெரிக்க விசாவில் அது தலைகீழானது. முழுப்பெயரும் குடும்பப்பெயர் ஆகிவிட்டது. முதல் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஃப்.என்.யு., அதாவது ‘முதல் பெயர் தெரியவில்லை’ என்பதன் சுருக்கம். பல்கலைக்கழகம் தரும் ஐ-20 சேர்க்கைப் படிவத்திலும் அதுவே. பல்கலைக்கழகப் பதிவேட்டிலும் அதுவே. வகுப்பின் முதல் நாள் ஒரு பேராசிரியர் என்னை ‘ஃபனூ’ என்று அழைத்தார். திருத்தச் சங்கடப்பட்டு, சரி என்று எழுந்து நின்றேன்.

அந்தப் பதிவுக்கான மாநில வாரியத்தின் விண்ணப்பத்தில் முதல் பெயர் என்று கேட்ட இடத்தில் தேன்மொழி என்றும், குடும்பப்பெயர் என்று கேட்ட இடத்தில் முத்துவேல் என்றும் போட்டேன். அறிவுக்குச் சரியாகப்பட்டது. ஆனால் நான் இணைத்த சேர்க்கைச் சான்று வேறு யாரோ ஒருத்தியுடையதுபோல் இருந்தது. விண்ணப்பம் முழுமையடையாமல் நின்றுவிட்டது. அது குறித்து வந்த மின்னஞ்சல் நான் பார்க்காத பழைய முகவரிக்குப் போயிருந்தது. இரண்டுமே என் தவறு. விண்ணப்பம் எந்த நிலையில் இருக்கிறது என்று மூன்று வாரம் நான் உள்ளே நுழைந்து பார்க்கவே இல்லை. ‘அனுப்பியாகிவிட்டது, வரும்’ என்று இருந்துவிட்டேன். நம் ஊரில் கல்லூரி முத்திரை வைத்த போனஃபைடு சான்றிதழோடு ஒரு தொண்டு நிறுவனத்தின் வாசலில் போய் நின்றால் களப்பணி தொடங்கிவிடும். மருத்துவருக்கும் வழக்கறிஞருக்கும் இருப்பதுபோன்ற உரிமம் இந்தியாவில் சமூகப்பணியாளருக்கு இல்லை. அந்தப் பழக்கத்தோடுதான் இங்கேயும் வந்திருந்தேன்.

இங்கே அப்படி இல்லை. ஒஹாயோ சட்டத் தொகுப்பின் 4757ஆவது அத்தியாயத்தின்கீழ் ஆலோசகர்கள், சமூகப்பணியாளர்கள், திருமண–குடும்பச் சிகிச்சையாளர்கள் ஆகிய மூன்று பிரிவினருக்கும் சேர்த்து ஒரே வாரியம் இருக்கிறது. முதுநிலை மாணவர்கள் களப் பாடத்தில் சேர்ந்திருக்கும் காலத்தில் அந்த வாரியத்தில் சமூகப்பணிப் பயிலுநராகப் பதிவு செய்துகொள்ளலாம். பதிவானபின் பெயருக்குப் பின்னால் எஸ்.டபிள்யூ.டி. (சோஷியல் ஒர்க் டிரெய்னி) என்று எழுதிக்கொள்கிறோம். பயிலுநர் தரும் சேவைக்கு, வருமானம் குறைந்தவர்களுக்கான அரசு மருத்துவக் காப்பீடான மெடிக்கெய்டிடம் கட்டணம் கோரும் மனநல நிறுவனங்கள் இந்தப் பதிவைக் கட்டாயமாகக் கேட்கும். எனக்குக் கிடைத்த இடம் அப்படிப்பட்ட ஒரு சமூக மனநல மையம். பதிவு எண் வரும்வரை சேவை பெறுவோருடன் நான் தனியாக உட்காரக் கூடாது, என் பெயரில் குறிப்பு எழுதக் கூடாது என்று முதல் நாளே சொல்லிவிட்டார்கள்.

ஐந்து வாரம் நான் செய்தது: நோயாளிகளின் தகவல் ரகசியம் காக்கும் ஹிப்பா சட்டம் பற்றிய பயிற்சிக் காணொளிகள், தீயணைப்புப் பயிற்சி, கோப்பு அடுக்குதல், மற்றவர்களின் அமர்வில் ஒரு மூலையில் நாற்காலி. என்னோடு சேர்ந்த இன்னொரு மாணவி மூன்றாவது வாரமே நான்கு பேரைப் பார்க்கத் தொடங்கிவிட்டார். வாரம் 16 மணி வீதம் 80 மணி போயிருந்தது. அதில் 40 மணியைத்தான் எங்கள் துறை கணக்கில் எடுத்துக்கொண்டது. சமூகப்பணிக் கல்விக் குழு, அதாவது சி.எஸ்.டபிள்யூ.இ., முதுநிலைக்கு வைத்திருக்கும் குறைந்தபட்சம் 900 கள மணிகள். எங்கள் துறை அதற்கும் மேல் கேட்கும். குறைந்த 40 மணியை ஈடுகட்டியாக வேண்டும்.

இங்கேதான் இரண்டாவது பள்ளம். என் களப் பயிற்றுநர் நல்லவர். “மூன்றாவது நாளும் வா, ஐந்தே வாரத்தில் முடிந்துவிடும்” என்றார். தலையாட்டிவிட்டு வந்தேன். வெளிநாட்டு மாணவர் அலுவலகத்தில் வேறு ஏதோ கேட்கப் போனபோது தற்செயலாக இதைச் சொன்னேன். அங்கிருந்த அம்மையார் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். எஃப்-1 மாணவர் விசாவில் இருப்பவர்கள் களப்பயிற்சிக்குச் சி.பி.டி., அதாவது படிப்பின் பகுதியாக வேலைப் பயிற்சி செய்வதற்கான அனுமதி பெற்றிருப்போம். எங்கள் பல்கலைக்கழகம் சம்பளம் இல்லாத இடத்துக்கும் அதைக் கேட்கும். வாரம் 20 மணி வரை பகுதிநேரம், அதைத் தாண்டினால் முழுநேரம். என்னிடம் இருந்தது பகுதிநேர அனுமதி. மூன்றாவது நாளும் போயிருந்தால் 24 மணி. பயிற்றுநரின் அன்பான யோசனை என் விசாவையே கெடுத்திருக்கும். பயிற்றுநர்களுக்கு இது தெரிந்திருக்க வேண்டும் என்று எதிர்பார்க்காதீர்கள், அது அவர்கள் வேலை அல்ல.

ஆகவே வாரம் 4 மணி மட்டும் கூட்டி, சரியாக 20இல் நிறுத்தி, பத்து வாரம் வியாழக்கிழமைகளில் அரை நாள் போவதாக ஏற்பாடு செய்தேன். தேங்க்ஸ்கிவிங் வாரத்தில் வியாழக்கிழமை மையம் மூடியிருந்ததால் 4 மணி பாக்கி நின்றது. டிசம்பர் விடுமுறையில் முடித்துவிடலாம் என்றால், சி.பி.டி. தேதி பருவத்தோடு முடிந்திருந்தது. அந்த நான்கு மணிக்காக ஜனவரிவரை காத்திருந்தேன். ஈரி (Erie) ஏரிக்கரையில் நவம்பருக்குப் பிறகு பனி எப்படி விழும் என்பதை நேரில் பார்த்தால்தான் புரியும். இரண்டு பஸ் மாறிப் போகிறவளுக்கு அந்த அரை நாள் முழு நாள்தான்.

பெயர்ச் சிக்கலைத் தீர்த்தது ஒரு தாள். பாஸ்போர்ட், விசா, ஐ-20, பல்கலைக்கழகப் பதிவேடு, சமூகப் பாதுகாப்பு அட்டை, ஓட்டுநர் உரிமம், வங்கி என்று வரிசையாக எழுதி, ஒவ்வொன்றிலும் என் பெயர் எப்படி இருக்கிறது என்று பார்த்துப் பார்த்து எழுதினேன். ஏழு இடங்களில் நான்கு விதமாக இருந்தது. அந்தத் தாளையும், ‘இவர்கள் இருவரும் ஒருவரே’ என்று துறையிடமிருந்து வாங்கிய கடிதத்தையும் சேர்த்து அனுப்பிய பிறகு பதிவு நகர்ந்தது. இந்தத் தாளை நீங்கள் விமானம் ஏறுவதற்கு முன்பே எழுதுங்கள். இன்னும் பாஸ்போர்ட் எடுக்காதவர்கள் குடும்பப்பெயர்க் கட்டத்தைத் தயவுசெய்து வெறுமையாக விடாதீர்கள். அப்பா பெயரை அங்கே போடுங்கள். வேறு எதை மறந்தாலும் இதை மறக்காதீர்கள்.

இனி, சுருக்கமாகச் சில.

இடத்துக்கான நேர்காணலிலேயே கேளுங்கள்: “பயிலுநர் பதிவு உங்களுக்குத் தேவையா? எண் வரும்வரை நான் என்ன செய்யலாம்?” எல்லா இடமும் கேட்பதில்லை. பள்ளியிலோ உணவு வங்கியிலோ இடம் கிடைத்த என் வகுப்புத் தோழர்கள் பலர் பதிவே இல்லாமல் முடித்தார்கள்.

சுகாதாரச் சேவை தருபவர்களுக்கான தேசிய எண்ணான என்.பி.ஐ.யையும் சில இடங்கள் உங்களிடம் கேட்கலாம். பத்து இலக்கம், கட்டணம் இல்லை. அதிலும் அதே பெயர்.

உங்களை மேற்பார்வையிடப் போகிறவர் யார் என்று பாருங்கள். களப் பயிற்றுநருக்கு எம்.எஸ்.டபிள்யூ. பட்டமும் அதன்பின் இரண்டு ஆண்டு அனுபவமும் வேண்டும். அன்றாட வேலையைச் சொல்லிக்கொடுப்பவர் ஆலோசகராக இருக்கலாம், தவறில்லை. ஆனால் உங்கள் களப் பயிற்றுநராகக் கையெழுத்திட வேண்டியவர் வேறு. மாநில உரிமத் தேடல் தளத்தில் யார் பெயரையும் எவரும் தேடிப் பார்க்கலாம். உங்கள் பெயரையும் அங்கேயே தேடுங்கள். நான் இப்போதும் மாதம் ஒருமுறை தேடுகிறேன்.

முதல் ஆண்டு முதல் பருவத்திலேயே சி.பி.டி. கிடைக்குமா என்று பயப்படுகிறவர்களுக்கு: பொதுவாக ஒரு கல்வியாண்டு படித்து முடித்திருக்க வேண்டும் என்பது விதி. தொடக்கத்திலேயே பயிற்சி கட்டாயமாக இருக்கும் முதுநிலைப் படிப்புகளுக்கு விலக்கு உண்டு. எம்.எஸ்.டபிள்யூ. அதில் அடங்குமா என்பதை உங்கள் பல்கலைக்கழகத்தில் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். எங்களுக்குக் கொடுத்தார்கள்.

இரண்டாம் ஆண்டு எங்களுக்கு வாரம் 24 மணி, ஆகவே முழுநேர சி.பி.டி. அது மொத்தம் 12 மாதத்தைத் தொட்டால் படிப்புக்குப் பிந்தைய வேலை அனுமதியான ஓ.பி.டி. போய்விடும். சமூகப்பணி ஸ்டெம் (அறிவியல், தொழில்நுட்பம், பொறியியல், கணிதம்) பட்டியலில் இல்லாததால் நமக்கு இருப்பதே ஓராண்டு ஓ.பி.டி.தான். மாதங்களை எண்ணிக்கொண்டே இருங்கள்.

வாட்ஸ்அப் குழுக்களில் கேட்காதீர்கள். இதில் நான் பிடிவாதமாகவே இருக்கிறேன். “எனக்கு ஒன்றும் ஆகவில்லை, அப்படியே போ” என்று சொன்ன அக்கா ஒருவருக்கு வேறு மாநிலம், வேறு விசா. நான் கூச்ச சுபாவி, அலுவலகத்தில் போய் நிற்பதைவிடக் குழுவில் கேட்பது எனக்கு எளிதாக இருந்தது. அந்த எளிமைக்குத்தான் விலை கொடுத்தேன். கூச்சமாக இருந்தால் கேள்வியைத் தாளில் எழுதிக்கொண்டு போய் வாசியுங்கள். அப்படித்தான் நான் பழகினேன்.

எண் வந்த பிறகு நடந்த ஒன்றையும் சொல்ல வேண்டும். நான் மாணவி என்பதைச் சேவை பெறுவோரிடம் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். அமெரிக்காவின் தேசியச் சமூகப்பணியாளர் சங்கத்தின் நெறிமுறையில் 3.02ஆம் பிரிவு அதைக் களப் பயிற்றுநரின் பொறுப்பாகவே வைத்திருக்கிறது. சொன்னால் மதிக்க மாட்டார்களோ என்ற பயம் எனக்கு இருந்தது. ஒஹாயோவின் ஆக்ரனிலும் கொலம்பஸிலும் நேபாளி பேசும் பூட்டான் அகதிகள் நிறையப் பேர் குடியேறியிருக்கிறார்கள். அவர்களில் வயதான ஒரு பெண்மணி என்னிடம் வந்தார். அடையாளம் தெரியக்கூடிய எதையும் சொல்ல மாட்டேன். மருந்தகத்தில் ஒரு பெயர், மருத்துவமனையில் இன்னொரு பெயர், காப்பீட்டு அட்டையில் மூன்றாவது ஒன்று. அதனால் அவருக்கு இரண்டு மாதமாக மாத்திரை சரியாகக் கிடைக்கவில்லை. முன்பு பார்த்தவர்கள் அதை மறதி என்று எழுதியிருந்தார்கள். அட்டைகளை மேசையில் பரப்பச் சொன்னேன். என் தாளைப் போலவே ஒரு தாள் எழுதினோம், மொழிபெயர்ப்பாளர் தொலைபேசியில் இருக்க. நான்கு தொலைபேசி அழைப்புகளில் சரியானது. அந்தக் குறிப்பின் கீழ் என் பெயரையும் எஸ்.டபிள்யூ.டி. என்பதையும் எழுதினேன். பயிற்றுநர் படித்துவிட்டுத் தன் கையெழுத்தைப் பக்கத்தில் போட்டார்.

பிராசஸ் ரெக்கார்டிங், அதாவது அமர்வில் பேசியதை நினைவிலிருந்து விரிவாக எழுதுவது பற்றிப் பலர் கேட்கிறீர்கள். அமர்வு முடிந்த அன்றே எழுதுங்கள், அவ்வளவுதான். மறுநாள் எழுதினால் நாம் சொல்லியிருக்க விரும்பியதை எழுதிவிடுகிறோம். குழந்தைக்குத் தீங்கு நடக்கிறது என்ற சந்தேகம் வந்தால் குழந்தைகள் நலத்துறைக்குத் தெரிவிக்கும் கடமை எப்படி நிறைவேற்றப்படுகிறது, யாரை எப்போது அழைக்க வேண்டும் என்பதை முதல் வாரமே பயிற்றுநரிடம் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அந்த நேரம் வரும்போது தேட முடியாது.

கார் இல்லாமல் சமாளிக்கலாமா? சமாளித்தேன். ஆனால் இடம் தேர்ந்தெடுக்கும்போது பஸ் நிறுத்தத்திலிருந்து ஒருமுறை நடந்து பாருங்கள். நடைபாதை இல்லாத சாலைகள் உண்டு.

கடைசியாக, பதிவு முடியும் நாள். களப் பாடம் முடிந்ததும் பயிலுநர் என்ற தகுதியும் முடிகிறது. அதன்பின் எஸ்.டபிள்யூ.டி. என்று போட்டுக்கொள்ளக் கூடாது, எல்.எஸ்.டபிள்யூ. (சமூகப்பணியாளர்) உரிமம் கைக்கு வரும்வரை சமூகப்பணியாளர் என்றும் சொல்லிக்கொள்ளக் கூடாது. மின்னஞ்சலின் அடியில் எஸ்.டபிள்யூ.டி. தானாக ஒட்டிக்கொண்டே போகும், கவனமாக நீக்குங்கள். வெள்ளிக்கிழமை மாலை நான் நீக்கினேன். உரிமத்துக்கான ஏ.எஸ்.டபிள்யூ.பி. தேர்வுக்குப் பதிவு செய்து முடித்திருக்கிறேன். தேர்வு மையத்தில் காட்டும் அடையாள அட்டையிலும் அதே பெயர்தானா என்று இரண்டு முறை சரிபார்த்தேன், ஒத்திருக்கிறது. கைரேகைச் சோதனைக்குத் திங்கட்கிழமை நேரம் வாங்கியிருக்கிறேன். தாளைக் கையோடு எடுத்துப் போகிறேன்.